பூட்டு இல்லாத ஜெயில்

எம்.ஜி.ஆர். நடித்த "பல்லாண்டு வாழ்க" படத்தைப் பார்க்காதவர்கள் பழைய தலைமுறையில் அநேகமாக இருக்க மாட்டார்கள். 1975-ல் வந்த படம். கொடிய குற்றம் செய்த ஆறு கைதிகள். நம்பியார், பி.எஸ்.வீரப்பா, மனோகர் என்று பார்த்தாலே குலை நடுங்கும் முகங்கள்! அவர்களை விலங்கு இல்லாமல், துப்பாக்கி இல்லாமல் ஒரு பண்ணைக்கு அழைத்துப் போய், உழைக்க வைத்து, மனிதர்களாக மாற்றுகிறார் சிறை அதிகாரியாக வரும் எம்.ஜி.ஆர்.

"சினிமாவில் நடக்கும். நிஜத்தில் நடக்குமா?" என்று கொட்டகையை விட்டு வெளியே வந்தவர்கள் கேட்டிருப்பார்கள்.

நடந்தது. இன்றும் நடக்கிறது. அதுவும் மும்பையில் இரவு பஸ் ஏறினால் விடிந்ததும் போய்ச் சேர்ந்துவிடக்கூடிய தூரத்தில்!

கதை பிறந்த இடம்

"பல்லாண்டு வாழ்க" கோடம்பாக்கத்தில் பிறந்த கதை அல்ல. 1957-ல் கோலாப்பூர்க்காரரான வி.சாந்தாராம் எடுத்த "தோ ஆங்கேன் பாரா ஹாத்" என்ற இந்திப் படத்தின் தமிழ் வடிவம் அது. இரண்டு கண்கள், பன்னிரண்டு கைகள் என்று பொருள். கண்கள் அதிகாரியுடையவை. கைகள் ஆறு கைதிகளுடையவை. அதிகாரியாக நடித்தவரும் சாந்தாராம்தான். காளையோடு மோதும் காட்சியில் அவர் கண்ணில் பலத்த அடி பட்டது. ஜனாதிபதியின் தங்கப் பதக்கமும், 1958-ல் பெர்லின் படவிழாவின் வெள்ளிக் கரடி விருதும் அந்தப் படத்துக்குக் கிடைத்தன.

கதை எழுதியவர் மராத்தியின் புகழ்பெற்ற கவிஞர் ஜி.டி.மாட்கூல்கர். அவருடைய சொந்தப் பிரதேசத்திலேயே நடந்த சம்பவம்தான் படத்துக்குக் கரு. அந்த இடத்தின் பெயர் சுவதந்திரபூர். தமிழில் சொன்னால் சுதந்திரபுரம். மராட்டிய மாநிலம் சாங்க்லி மாவட்டத்தில் ஆட்பாடிக்கு அருகில் இருக்கிறது. மழை பொய்க்கும் வறண்ட சீமை.

ஒரு ஜெயிலுக்கு "சுதந்திரபுரம்" என்று பெயர் வைக்க யாருக்குத் தோன்றியிருக்கும்?

ராஜாவும் வெள்ளைக்காரரும்

வெள்ளைக்காரர் ஆட்சிக் காலத்தில் அந்தப் பகுதி அவுந்த் என்ற சிறிய சமஸ்தானத்தைச் சேர்ந்தது. ராஜாவின் பெயர் பவான்ராவ் பந்த் பிரதிநிதி. சூரிய நமஸ்காரத்தை நாடெங்கும் பரப்பியவர் இவர்தான். சமஸ்தானம் சிறியது என்றாலும் ராஜாவின் மனம் பெரியது. 1938-ல் தம் அதிகாரத்தை மக்களிடமே ஒப்படைப்பதாக அறிவித்தார். காந்திஜியின் யோசனையின்படி, 1939-ல் கிராமப் பஞ்சாயத்துக்களை அடிப்படையாகக் கொண்ட அரசியல் சட்டம் அங்கே வந்தது.

இதில் ராஜாவுக்கும் அவர் மகன் அப்பா பந்துக்கும் துணை நின்றவர் மாரிஸ் பிரீட்மன். போலந்து நாட்டு யூதர், என்ஜினீயர். மைசூர் திவான் மிர்சா இஸ்மாயில் அழைத்ததன்பேரில் பெங்களூருக்கு வந்து, அரசாங்க மின்சாரத் தொழிற்சாலையை நடத்தியவர். திருவண்ணாமலைக்குப் போய் ரமண மகரிஷியைத் தரிசித்து அவருடைய பக்தரானவர். பாரதானந்தா என்ற பெயரும் அவருக்கு உண்டு. 1976-ல் பம்பாயிலேயே காலமானார்.

சமஸ்தானத்து ஜெயிலில் அடைந்து கிடந்த கைதிகளை வெளியே கொண்டுவந்து, நிலம் கொடுத்து, குடும்பத்தோடு குடியமர்த்திப் பார்க்கலாம் என்ற யோசனையில் முன்னின்றவர் இந்த பிரீட்மன். ராஜா சம்மதித்தார். 1939-ல் சுவதந்திரபூர் உருவானது. சுற்றுச் சுவர் இல்லை. காவல் கோபுரம் இல்லை. கைதிகள் நிலத்தைத் திருத்தினார்கள், பயிர் வைத்தார்கள், மனைவி மக்களோடு வாழ்ந்தார்கள்.

1948-ல் அவுந்த் சமஸ்தானம் பம்பாய் மாகாணத்தோடு இணைந்தது. ராஜாங்கம் போயிற்று. ஆனால் சுவதந்திரபூர் போகவில்லை. மராட்டிய அரசின் சிறைத் துறை அதை இன்றும் நடத்துகிறது. மற்ற ஜெயில்களில் நன்னடத்தை காட்டிய சிலரைத் தேர்ந்தெடுத்து அங்கே அனுப்புகிறார்கள். சின்னக் குடியிருப்புத்தான். ஆனாலும் அது ஒரு பெரிய கேள்விக்குப் பதில் சொல்லிக்கொண்டிருக்கிறது.

ஓடிப்போக மாட்டார்களா?

சுவர் இல்லை, பூட்டு இல்லை என்றால் கைதி ஏன் ஓடவில்லை?

குடும்பம் ஒரு காரணம். மனைவி அடுப்பு மூட்டுகிறாள். பிள்ளை பள்ளிக்கூடம் போகிறது. அவர்களை விட்டுவிட்டு எங்கே ஓடுவது? தண்டனைக் கணக்கு இன்னொரு காரணம். திறந்தவெளிச் சிறையில் ஒழுங்காக உழைத்தால் தண்டனைக் குறைப்பு கூடுதலாகக் கிடைக்கும். ஓடிப் பிடிபட்டால் சேர்த்து வைத்ததெல்லாம் போய், மறுபடியும் நாலு சுவருக்குள்!

எல்லாவற்றுக்கும் மேலே நம்பிக்கை. "நீ ஓட மாட்டாய்" என்று ஓர் அதிகாரி சொல்லிவிட்டுத் திரும்பிப் பார்க்காமல் நடந்தால், பத்து வருஷமாக யாரும் நம்பாத ஒரு மனிதன் அந்த நம்பிக்கையைக் காப்பாற்றத்தான் பார்க்கிறான்.

ஒருவரும் ஓடியதே இல்லை என்று சொல்வதற்கில்லை. சிலர் ஓடியிருக்கிறார்கள். ஆனால் சிலர் ஓடினார்கள் என்பதற்காக எந்த மாநிலமும் இந்த முறையைக் கைவிட்டுவிடவில்லை.

அணை கட்டிய கைதிகள்

நாடு விடுதலை அடைந்த பிறகு இந்த யோசனையைப் பெரிய அளவில் செய்து காட்டியவர் டாக்டர் சம்பூர்ணானந்தர். சுதந்திரப் போராட்டத்தில் ஜெயிலுக்குப் போனவர். ஜெயில் எப்படி இருக்கும் என்று யாரும் அவருக்குச் சொல்லத் தேவையில்லை. உத்தரப்பிரதேசத்தில் மந்திரியாக இருந்தபோது, 1952-ல், வாரணாசிக்குப் பக்கத்தில் சந்திரபிரபா ஆற்றில் அணை கட்டும் வேலைக்குக் கைதிகளைத் திறந்தவெளி முகாமில் தங்க வைத்து அனுப்பினார். வேலைக்குக் கூலியும் உண்டு. அதில் தங்கள் சாப்பாட்டுச் செலவைக் கழித்துக்கொண்டு மிச்சத்தைச் சேமிக்கலாம், வீட்டுக்கும் அனுப்பலாம்.

பிற்பாடு அவர் ராஜஸ்தான் கவர்னர் ஆனார். 1963-ல் ஜெய்ப்பூருக்கு அருகே சாங்கானேரில் திறந்தவெளி முகாம் வந்தது. அதற்கு அவர் பெயரையே வைத்தார்கள்.

சாங்கானேர் இன்னும் ஒரு படி மேலே போனது. அங்கே கைதி வெளியே போய்த் தானே வேலை தேடிக்கொள்ள வேண்டும். காலையில் ஆஜர் கூப்பிடுவார்கள். பிறகு வேலைக்குப் போகலாம். சாயங்காலம் திரும்பி வந்து மறுபடியும் ஆஜர் சொல்ல வேண்டும். நடுவே இருக்கும் நேரத்தில் தொழிற்சாலையில் வேலை பார்க்கிறார்கள், வண்டி ஓட்டுகிறார்கள், கடைகளில் நிற்கிறார்கள். வாட்ச்மேன் வேலை பார்ப்பவர்களும் உண்டு. கொலைக் குற்றத்துக்குத் தண்டனை அடைந்தவர் ஒரு கம்பெனிச் சொத்துக்குக் காவல்!

முகாமின் அன்றாட ஒழுங்கைக் கவனிப்பது கைதிகளே தேர்ந்தெடுத்த பஞ்சாயத்து. அரசாங்கம் சோறு போடுவதில்லை. சம்பாதித்துத்தான் சாப்பிட வேண்டும். ராஜஸ்தானில் இதற்காகவே 1972-ல் விதிகள் வகுத்தார்கள். தண்டனையில் மூன்றில் ஒரு பங்கையாவது சாதாரண ஜெயிலில் கழித்து, நல்ல பெயர் எடுத்தவர்கள்தான் இங்கே வரலாம்.

மற்ற மாநிலங்களிலும் திறந்தவெளிச் சிறைகள் உண்டு. மராட்டியத்தில் எரவாடா, பைட்டண், மோர்ஷி. கேரளத்தில் நெட்டுகால்தேரி. தமிழ்நாட்டில் சிவகங்கைப் பக்கம் புரசடை உடைப்பு.

நெரிசலில் எங்கே திருந்துவது?

2022-ம் ஆண்டின் மத்திய அரசுக் கணக்கு இப்படிச் சொல்கிறது: நாட்டில் ஜெயில்கள் 1,330. அவற்றில் இடம் 4,36,266 பேருக்கு. உள்ளே இருந்தவர்கள் 5,73,220 பேர். அதாவது, நூறு பேர் படுக்கும் இடத்தில் 131 பேர். திறந்தவெளிச் சிறைகள் நாடு முழுக்க நூறைக்கூட எட்டவில்லை.

மும்பை ஆர்தர் ரோடு ஜெயில் 1926-ல் கட்டியது. ஆயிரத்துக்கும் குறைவானவர்களுக்கே இடம் என்று கணக்கிட்டிருந்த அந்த ஜெயிலில் பல ஆண்டுகளாக மூன்று மடங்கு ஆட்கள். ராத்திரி புரண்டு படுக்கக்கூடப் பக்கத்து ஆள் தயவு வேண்டும். அங்கே யார் யாரைத் திருத்துவது? பிக்பாக்கெட் அடித்து உள்ளே போன பையன், பெரிய கைகளிடம் பெரிய வித்தை கற்றுக்கொண்டு வெளியே வருகிறான் என்று சும்மாவா சொல்கிறார்கள்?

1984-ல் பெங்களூர் மத்திய சிறையிலிருந்து ஒரு கைதி சுப்ரீம் கோர்ட்டுக்கு ஒரு கடிதம் எழுதிப் போட்டார். சாப்பாடு சரியில்லை, கூலி கிடைப்பதில்லை என்பவை போன்ற குறைகள். கோர்ட் அந்தக் கடிதத்தையே வழக்காக எடுத்துக்கொண்டது. 1996-ல் தீர்ப்பு வந்தது. நெரிசல், வழக்கு தாமதம், சித்திரவதை, சுகாதாரக் கேடு, மோசமான சாப்பாடு என்று ஒன்பது பிரச்சினைகளை வரிசைப்படுத்திய நீதிபதிகள், ஒன்பதாவதாக எடுத்துக்கொண்டது திறந்தவெளிச் சிறைகளைத்தான். இன்னும் அதிகமாக ஏற்படுத்த வேண்டும் என்றார்கள்.

ஆனால் வெள்ளைக்காரன் 1894-ல் போட்ட சிறைச் சட்டம் சுதந்திரம் வந்து எழுபத்தைந்து ஆண்டுகள் ஆகியும் நம்மை விடவில்லை. 2023-ல்தான் மத்திய அரசு புதிய மாதிரிச் சட்டம் தயாரித்து மாநிலங்களுக்கு அனுப்பியது.

தண்டனையே இல்லாத கைதிகள்

இதில் இன்னொரு வேதனையும் உண்டு. திறந்தவெளிச் சிறை, தண்டனை அடைந்த கைதிக்குத்தான். கோர்ட் இன்னும் "குற்றவாளி" என்று சொல்லாதவருக்கு அங்கே இடமில்லை. 2022 கணக்குப்படி உள்ளே இருந்த 5,73,220 பேரில் 4,34,302 பேர் விசாரணைக் கைதிகள். நாலு பேரில் மூன்று பேர்!

கொலை செய்து தண்டனை பெற்றவர் சாங்கானேரில் குழந்தையோடு சாப்பிடுகிறார். திருட்டுக் குற்றம் சாட்டப்பட்டு, விசாரணையே முடியாதவர் நெரிசலில் கிடக்கிறார். ஜாமீன் கிடைக்காமல் கிடப்பவர்கள் உண்டு. ஜாமீன் கிடைத்தும், பணமோ உள்ளூரில் கையெழுத்துப் போட ஆளோ இல்லாமல் கிடப்பவர்களும் உண்டு.

பிழைப்புக்காக வெளிமாநிலம் வந்தவர்களுக்கு இது நன்றாகப் புரியும். சொந்த ஊரில் என்றால் நிலம் வைத்திருக்கும் ஒரு மாமன், மச்சான் ஓடி வருவார். வந்த இடத்தில் யார் வருவார்? வாடகைக் குடிசை, ரேஷன் கார்டில் பெயர் ஊரில், பாஷையும் சரியாகத் தெரியாது. சின்னத் தகராறில் மாட்டினாலும் மாதக் கணக்கில் உள்ளேதான்.

1979-ல் பீகார் ஜெயில்களின் நிலை ஒரு பத்திரிகைச் செய்தியால் வெளியே வந்தது. குற்றம் நிரூபணமாகியிருந்தால் கிடைத்திருக்கக்கூடிய தண்டனையைவிட அதிக காலம் விசாரணைக் கைதிகளாகவே இருந்தவர்கள் அங்கே இருந்தார்கள். ஹுஸைனாரா வழக்கு என்று அதற்குப் பெயர். நீதிபதி பி.என்.பகவதி முதலியோர், விரைவான விசாரணை ஒவ்வொருவருக்கும் உள்ள அடிப்படை உரிமை என்று தீர்ப்பளித்தார்கள். ஆயிரக்கணக்கானவர்கள் விடுதலை ஆனார்கள்.

இப்போது சட்டமே வழி சொல்கிறது. 2024 ஜூலை 1-ந் தேதி அமலுக்கு வந்த புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 479-வது பிரிவை ஒவ்வொரு தொழிலாளியும் தெரிந்து வைத்துக்கொள்வது நல்லது. முன்பு எந்தக் குற்றத்துக்கும் தண்டனை அடையாதவர், சாட்டப்பட்ட குற்றத்துக்குரிய அதிகபட்சத் தண்டனையில் மூன்றில் ஒரு பங்கு காலம் விசாரணைக் கைதியாக இருந்துவிட்டால், அவரை ஜாமீனில் விட வேண்டும். மற்றவர்களுக்குப் பாதிக் காலம். மரண தண்டனை, ஆயுள் தண்டனைக்குரிய குற்றங்களுக்கு இது பொருந்தாது. ஒன்றுக்கு மேற்பட்ட வழக்கு உள்ளவர்களுக்கும் பொருந்தாது. காலம் முடிந்ததும் கோர்ட்டுக்கு எழுதிக் கேட்க வேண்டியது ஜெயில் சூப்பிரண்டின் பொறுப்பு. பழைய வழக்குகளுக்கும் இது பொருந்தும் என்று 2024 ஆகஸ்டில் சுப்ரீம் கோர்ட் தெளிவாக்கியது.

பணம் இல்லாதவர்களுக்கும் வழி உண்டு. ஏழைக் கைதிகளுக்கு உதவும் திட்டம் ஒன்றை மத்திய அரசு 2023-ல் கொண்டுவந்தது. தொடங்கியபோது ஜாமீன் தொகைக்கு 40,000 ரூபாய் வரையும், அபராதம் கட்ட 25,000 ரூபாய் வரையும் தரலாம் என்று வரம்பு வைத்தார்கள். மாவட்டக் குழு பரிசீலித்து முடிவு செய்யும். வக்கீல் வைக்க வசதி இல்லாதவருக்கு மாவட்டச் சட்டப் பணிகள் ஆணையம் இலவசமாக வக்கீல் வைத்துத் தரும். 15100 என்ற நம்பருக்கு டெலிபோன் செய்து கேட்கலாம்.

செத்தவன் வீட்டுக்கு என்ன பதில்?

"கைதிக்குக் குடும்பம், கூலி எல்லாம் சரி. அவன் கையால் செத்தவனுக்கும் குடும்பம் இருந்ததே!" என்று யாராவது கேட்டால், அது நியாயமான கேள்வி. பதில் சொல்லித்தான் ஆக வேண்டும்.

தண்டனை வேண்டாம் என்று யாரும் சொல்லவில்லை. சாங்கானேருக்கு வருகிறவரும் பல வருஷம் நாலு சுவருக்குள் இருந்துவிட்டுத்தான் வருகிறார். எல்லாக் குற்றவாளிகளையும் அங்கே அனுப்புவதும் இல்லை. பழக்கமாகக் குற்றம் செய்பவர்களுக்கு இடமில்லை.

கூலி விஷயத்திலும் 1998-ல் குஜராத் வழக்கு ஒன்றில் சுப்ரீம் கோர்ட் முக்கியமான வழியைக் காட்டியது. கைதியின் வேலைக்கு நியாயமான கூலி தர வேண்டும். அந்தக் கூலியில் ஒரு பகுதியை எடுத்து, குற்றத்தால் பாதிக்கப்பட்டவர்களுக்கு நஷ்ட ஈடாகக் கொடுக்க மாநிலங்கள் சட்டம் செய்ய வேண்டும் என்று சொன்னது. யோசித்துப் பார்த்தால், சும்மா உட்கார்ந்து சாப்பிடும் கைதியால் செத்தவன் வீட்டுக்கு ஒரு தம்பிடி பிரயோஜனம் இல்லை. உழைத்துச் சம்பாதிக்கும் கைதியால்தான் ஏதாவது கொடுக்க முடியும்.

கேட்டுக்கு வெளியே

ஆயுள் கைதியானாலும் பெரும்பாலோர் ஒரு நாள் வெளியே வருவார்கள். அப்படி வருகிறவர் எப்படிப்பட்ட மனிதராக வருகிறார் என்பதில்தான் எல்லாம் இருக்கிறது.

பன்னிரண்டு, பதினாலு வருஷம் கழித்து ஒருவர் கேட்டைத் தாண்டி வருகிறார் என்று வைத்துக்கொள்ளுங்கள். கையில் ஒரு துணிப் பை. பஸ் டிக்கெட் விலை தெரியாது. உள்ளே போனபோது இருந்த செல்போன் இப்போது இல்லை. அண்ணன் வீட்டில் தங்கலாம் என்று போனால், "உன் அண்ணன் மகளுக்கு வரன் பார்க்கிறோம், தம்பி. நீ இங்கே இருந்தால்..." என்று அண்ணி இழுக்கிறாள். வேலை கேட்டுப் போனால், "இத்தனை வருஷம் எங்கே இருந்தாய்?" என்ற கேள்வி. உண்மையைச் சொன்னால் வேலை இல்லை. பொய் சொன்னால், தெரிந்த அன்றைக்கு வேலை போகும். கடைசியில் அவரை "வா, தம்பி" என்று கூப்பிடுகிறவன் ஒருவன்தான். ஜெயிலில் பக்கத்தில் படுத்திருந்த பழைய கூட்டாளி!

சாங்கானேரிலிருந்து வெளியே போகிறவருக்கு இந்தத் தொல்லை குறைவு. அவர் கையில் வேலை இருக்கிறது. அவரை நம்பும் முதலாளி இருக்கிறார். மனைவி, பிள்ளைகள் பக்கத்திலேயே இருக்கிறார்கள். விடுதலை நாளன்று அவருக்கு மாறுவது விலாசம் மட்டும்தான். "விடுதலை ஆகியும் இந்த இடத்தை விட்டுப் போக மாட்டேன் என்கிறார்கள்" என்பது அந்த முகாமைப் பற்றி அதிகாரிகள் சொல்லும் விசித்திரமான புகார்!

மராட்டியத்திலும் ஒரு புது முயற்சி நடந்தது. 2022 மே மாதம் எரவாடா ஜெயிலில், மராட்டிய மாநிலக் கூட்டுறவு வங்கி கைதிகளுக்கே கடன் கொடுக்கத் தொடங்கியது. "ஜிவ்ஹாலா" என்று திட்டத்தின் பெயர். பாசம் என்று அர்த்தம் சொல்லலாம். 50,000 ரூபாய் வரை கடன். வட்டி நூற்றுக்கு ஏழு. ஜெயிலில் சம்பாதிக்கும் கூலியிலிருந்து திருப்பிக் கட்ட வேண்டும். வெளியே இருக்கும் குடும்பத்தின் செலவுக்கும், பிள்ளை படிப்புக்கும், வக்கீல் பீஸுக்கும் அந்தப் பணம் உதவும். கந்து வட்டிக்காரனைத் தவிர யாரும் நம்பாத ஒருவரை ஒரு வங்கி நம்பியது.

தமிழ்நாட்டிலும் ஜெயில் துறை நடத்தும் "பிரீடம்" பெட்ரோல் பங்குகளில் கைதிகள்தான் பெட்ரோல் போடுகிறார்கள். ஊருக்குப் போகும்போது பார்த்திருப்பீர்கள். நூறு ரூபாய் கொடுத்தால் மீதிச் சில்லறையை எண்ணிக் கொடுக்கிறார்கள்.

சுவதந்திரபூரில் அவுந்த் ராஜா செய்ததும் இதுதான். பெரிய சட்டம் எதுவும் தேவைப்படவில்லை. நிலம் கொடுத்தார்; குடும்பத்தைக் கூட இருக்க விட்டார்; நம்பினார்.

அரசாங்கம் செய்ய வேண்டியது நிறைய இருக்கிறது. ஆனால் கேட்டுக்கு வெளியே நடப்பது அரசாங்கத்தின் கையில் இல்லை. நம் சாலில், நம் தெருவில், நம் பட்டறையில் ஒருவர் தண்டனையை முடித்துவிட்டு வந்து நின்றால், கோர்ட் கொடுத்த தண்டனை தீர்ந்துவிட்டது. அதற்கு மேல் இன்னொரு தண்டனை கொடுப்பதா, ஒரு வேலை கொடுப்பதா என்பதை அந்தத் தெருக்காரர்கள்தான் தீர்மானிக்க வேண்டும்.